இரைச்சல் நீக்கிய குரல்

நோர்வூட் பஜாரில் ஜீவராஜைப் பற்றி யாரிடம் கேட்டாலும் இரண்டு விஷயம் சொல்வார்கள். ஆள் கெட்டிக்காரன், ஆனால் யார் பேச்சையும் கேட்க மாட்டான். இரண்டுமே உண்மைதான். செல்லசாமி முதலாளியின் பலசரக்குக் கடைக்கு மேலே, தகரக் கூரை போட்ட மாடி அறையில், அவன் கொம்பியூட்டர் திருத்துகிறான். தோட்டத்து ஒஃபிஸிலிருந்தும் பள்ளிக்கூடத்திலிருந்தும் உயிர் போய்விட்டது என்று தூக்கிக்கொண்டு வரும் மெஷின்களைப் பிரித்துப் போட்டு, தூசி தட்டி, என்னவோ செய்து எழுப்பி உட்கார வைத்துவிடுவான். என்ன கோளாறு என்று கேட்டால் விளக்கம் சொல்வான். அந்த விளக்கத்தை முழுதாகக் கேட்டு முடித்தவர்கள் பஜாரில் யாரும் இல்லை.

தேயிலைத் தோட்டத்து லயத்தில், ஒட்டிக் கட்டிய வரிசை வீடுகளில் பிறந்து வளர்ந்தவன். அம்மா கொழுந்து எடுத்தாள், அப்பா செடிகளை வெட்டிக் குறைக்கும் கவ்வாத்து வேலை செய்தார். பள்ளிக்கூடம் முடிந்ததும் காலையில் வேலை பிரித்துக் கொடுக்கும் பெரட்டுக் களத்தில் போய் நிற்க மனமில்லாமல் கொழும்புக்கு ஓடினான். அங்கே ஒரு கடையில் கூட்டிப் பெருக்கி, தேத்தண்ணி வாங்கிக் கொடுத்து, அடுத்தவன் செய்வதைப் பார்த்துப் பார்த்தே தொழிலைப் பிடித்துக்கொண்டான். சொந்தமாகக் கற்றுக்கொண்டவனுக்கு வரும் கர்வம் அவனுக்கும் உண்டு. தன் கண்ணையும் தன் காதையும் தவிர வேறு எதையும் நம்ப மாட்டான்.

அவன் பெண்சாதி பிரேமினி அதற்கு நேர்மாறு. எதையும் வாய் திறந்து கேட்டுப் பழகாதவள். மகள் கேஷிகா வயிற்றில் இருந்தபோது அவளுக்கு மாங்காய் தின்ன ஆசை. சொல்லவில்லை. மாங்காய்க்காரனைத் தாண்டும்போது நடையைக் கொஞ்சம் மெதுவாக்கினாள், அவ்வளவுதான். ஜீவராஜ் திரும்பிப் போய் வாங்கிவந்தான். தலைவலி என்றால் நெற்றியில் கையை வைப்பாள்; அவன் தைலத்தை எடுத்து வருவான். "எங்க வீட்டுக்காரருக்கு ஒண்ணும் சொல்ல வேண்டியதில்ல, பாத்தே தெரிஞ்சுக்குவாரு" என்று லயத்துப் பொம்பளைகளிடம் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோவாள். அவளுடைய பெருமையெல்லாம் அந்த ஒன்றில்தான் இருந்தது.

தோட்டத்தில் வீடு கட்ட ஏழு பேர்ச்சஸ் காணி கிடைத்தபோது அவளுக்குக் கால் தரையில் பாவவில்லை. நூறு வருஷம் லயத்தில் கிடந்த குடும்பத்துக்குச் சொந்தமாக நாலு சுவர் என்பது சின்ன விஷயமா? அத்திவாரம் போட்டார்கள், சுவரைப் பாதி எழுப்பினார்கள், அதோடு நின்றுபோனது. சுவருக்குள் புல் முளைத்தது. ஒரு நாள் அவளே சொன்னாள், குவைத்துக்குப் போகிறேன் என்று. அவள் வாய் திறந்து கேட்ட ஒரே விஷயம் அதுதான். ஜீவராஜ் வேண்டாம் என்றான். பிறகு கொஞ்ச நாளில் சரி என்றான்.

குவைத்தில் அவள் வேலை செய்த வீட்டு மேடம் மோசமானவள் இல்லை. சாப்பாடு கொடுத்தாள், சம்பளம் ஒழுங்காகப் போட்டாள். ஒரே ஒரு சட்டம்தான்: வீட்டுக்குள் வைத்து யாருக்கும் வீடியோ காட்டக் கூடாது. அதனால் குரல் மட்டும்தான். வெள்ளிக்கிழமை அங்கே விடுமுறை. மேடமும் பிள்ளைகளும் பகல் தொழுகைக்குப் பிறகு மேடத்தின் தகப்பன் வீட்டுக்குப் போய்விடுவார்கள். அந்த நேரம் பிரேமினி துணி துவைக்கும் அறையில் உட்கார்ந்து வீட்டுக்குப் பேசலாம். இங்கே அப்போது பின்னேரமாக இருக்கும். கேஷிகா பள்ளிக்கூடம் விட்டு நேரே கடைக்கு ஓடிவந்துவிடுவாள். ஜீவராஜ் சாமிப்படத்துக்கு விளக்கேற்றி, சாம்பிராணி போட்டுவிட்டு லெப்டொப் முன்னால் உட்காருவான்.

முதல் மாதத்தில் ஒரு வெள்ளிக்கிழமை அவள் சொன்னாள், "ரெண்டு நாளா காச்சல் மாதிரி இருக்குங்க. ஒடம்பெல்லாம் அடிச்சுப் போட்ட மாதிரி..."

"சே, வெள்ளிக்கிழமையும் அதுவுமா காச்சல் கீச்சல்னு ஆரம்பிக்காத பிரேமி. இப்பத்தான் வெளக்கேத்திட்டு உக்காந்தேன். வாயில நல்ல வார்த்த வரட்டும்."

அவன் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. அந்தப் பக்கத்தில் எல்லா வீட்டிலும் சொல்வதுதான். விளக்கேற்றிய நாளில் நோய் நொடி, சாவு, இழவு என்று பேச்செடுத்தால் பெரியவர்கள் வாயிலேயே போடுவார்கள். அவளும் அப்படி வளர்ந்தவள்தான். "சரிங்க, சரிங்க, நல்லா இருக்கேன்" என்று சிரித்தாள். பேச முடிந்த ஒரே நாள் வெள்ளிக்கிழமை. அந்த நாளில் நோயைச் சொல்லக் கூடாது என்றால் எந்த நாளில் சொல்வாள்? அதை அவன் யோசிக்கவில்லை. அதற்குப் பிறகு வாரா வாரம் எடுத்த எடுப்பில் அவள் சொன்னது அந்த இரண்டு வார்த்தைதான்: நல்லா இருக்கேன்.

பிறகு மழைக்காலம் வந்தது. நோர்வூட்டில் மழை பிடித்தால் தகரத்துக்குக் கீழே பக்கத்தில் இருப்பவன் பேசுவதே கேட்காது. "என்னங்க? என்னங்க?" என்று அவள் அங்கிருந்து கத்துவாள், இவன் இங்கிருந்து கத்துவான், கேஷிகா இரண்டு பேருக்கும் நடுவில் கத்துவாள். பேச்சு முடியும்போது என்ன பேசினோம் என்று யாருக்கும் தெரியாது. ஜீவராஜுக்கு அது மானப் பிரச்சினையாகிவிட்டது. ஊர்க் கொம்பியூட்டரையெல்லாம் திருத்துகிறவன், சொந்தப் பெண்சாதியின் குரல் காதில் விழ ஒரு வழி பண்ண முடியாதா?

தேடித் தேடி, சத்தத்தைச் சுத்தப்படுத்தும் ஒரு மென்பொருளைக் கண்டுபிடித்தான். ஏற்றினான். திறந்தால், ஒரு டிஎல்எல் கோப்பைக் காணவில்லை என்று திரையில் வந்து நின்றது. டிஎல்எல் என்பது தனியாக ஒரு வேலையும் செய்யாத கோப்பு. தோட்டத்துக் கோயிலில் அண்டாவும் கிடாரமும் கிடக்கும் அல்லவா? எந்த வீட்டில் விசேஷம் என்றாலும் எடுத்துப் போய்ச் சமைத்துவிட்டுத் திருப்பிக் கொண்டுவந்து வைப்பார்கள். அது போலத்தான் இதுவும். கொம்பியூட்டருக்குள் இருக்கும் பல மென்பொருள்கள் தேவைப்படும்போது எடுத்துப் புழங்கும் பொதுச் சாமான். அண்டா இல்லை என்றால் விருந்து இல்லை. திம்புள்ளப் பக்கத்துத் தோட்டத்து ஒஃபிஸிலிருந்து திருத்த வந்திருந்த லெப்டொப்பில் அந்தக் கோப்பு இருந்தது. பிரதி எடுத்துத் தன்னுடையதில் போட்டான். ஒத்துவரவில்லை. வேறொன்றைத் தேடிப் போட்டான். அதுவும் முரண்டு பிடித்தது. ஒரு வாரம் சோறு தண்ணி மறந்து குனிந்து கிடந்து, கடைசியில் பொருந்துகிற கோப்பைப் பிடித்துவிட்டான்.

அந்த மென்பொருளில் இரண்டு பொத்தான்கள். ஒன்று, இங்கிருந்து போகிற சத்தத்தைத் துடைக்கும். மற்றது, அங்கிருந்து வருகிற சத்தத்தைத் துடைக்கும். மழைக்கு முதல் பொத்தானே போதும். ஆனால் பிரேமினி உட்கார்ந்து பேசும் அறையில் துணி துவைக்கும் மெஷின் கடகடவென்று ஓடிக்கொண்டே இருக்கும். அந்தச் சத்தம் எதற்கு நடுவில்? இரண்டாவது பொத்தானையும் அழுத்தினான். அவளை இன்னும் நன்றாகக் கேட்க வேண்டும் என்ற ஆசையில் அழுத்தியதுதான். பாவி, அந்த ஒரு பொத்தானை அழுத்தாமல் இருந்திருக்கலாம்.

அடுத்த வெள்ளிக்கிழமை வெளியே மழை வெளுத்து வாங்கியது. லெப்டொப்பில் மாட்டிய ஸ்பீக்கரிலிருந்து பிரேமினியின் குரல் துடைத்து வைத்த குத்துவிளக்கு மாதிரி வந்தது.

"என்னங்க, மழை விட்டுருச்சா?"

"எங்க விட்டுச்சு? கொட்டுது! ஒனக்குக் கேக்கலயா?"

"இல்லங்க. நீங்க பக்கத்துல உக்காந்து பேசுற மாதிரி இருக்கு."

அவனுக்குக் கண் கலங்கிவிட்டது. கேஷிகா கை தட்டினாள். அதற்குப் பிறகு அவன் பண்ணிய அலட்டல் கொஞ்சமல்ல. கடைக்கு வருகிறவர்களுக்கெல்லாம் போட்டுக் காட்டினான். எது பேச்சு, எது இரைச்சல் என்று அதுவே முடிவு பண்ணும் என்றான். மனுசன் சொல்லுகிற சொல்லாக இருந்தால் விடும், மற்றதையெல்லாம் துடைத்துப் போட்டுவிடும் என்றான். பஸ் ஹோர்ன், நாய், மழை, மெஷின் ஒன்றும் வராது என்றான். வேறு என்னவெல்லாம் வராமல் போகும் என்று அவனும் நினைக்கவில்லை, கேட்டவர்களும் நினைக்கவில்லை. காதில் விழாததை இல்லை என்று யார்தான் தேடப் போகிறார்கள்?

நாள் போகப் போகப் பேச்சுக்கு நடுவே சின்னச் சின்ன இடைவெளிகள் வந்தன. அவள் பேசிக்கொண்டே வருவாள், சட்டென்று ஒன்றும் இருக்காது, பிறகு திரும்ப வருவாள். லைன் இழுக்கிறது என்று அவன் நினைத்துக்கொண்டான். அந்த வெறுமையில் சும்மா உட்கார்ந்திருக்க அவனுக்கு வராது. வீட்டு வேலையைப் பற்றிப் பேசி அந்த இடத்தை நிரப்புவான். கூரை ஏற்றியாகிவிட்டது, ஜன்னலுக்குக் கம்பி வந்துவிட்டது, நீ அனுப்பியதில் குசினிக்கு டைல்ஸ் போடப் போகிறேன், நீலமா பச்சையா சொல்லு.

"பிரேமி? இருக்கியா? நீலமா, பச்சயா?"

"ஒங்க இஷ்டங்க" என்பாள் அவள், கொஞ்ச நேரம் கழித்து.

அவள் குரல் மெலிந்துகொண்டே வந்தது. அதையும் மென்பொருளின் வேலை என்றே எண்ணி, அவன் ஒலியைக் கூட்டி வைத்தான்.

இடையில் ஒரு வெள்ளிக்கிழமை அவன் சாமான் எடுக்க அட்டனுக்குப் போய்விட்டான். கடை பூட்டு, அவன் போனுக்கும் லைன் கிடைக்கவில்லை. பிரேமினி தன் அண்ணன் வீரய்யாவின் போனுக்கு எடுத்தாள். வீரய்யா தோட்டத்துத் தேயிலை பெக்டரியில் ரோலர் மெஷினுக்குப் பக்கத்தில் இருபது வருஷம் நின்றவர். காது பாதி மந்தம். போனைக் காதோடு வைத்து அழுத்திக்கொண்டுதான் பேசுவார். மறுநாள் காலையிலேயே அவர் கடைப்படி ஏறி வந்துவிட்டார்.

"மாப்புள, தங்கச்சிக்கு இருமல் ரொம்ப இருக்கே. என்னான்னு கேட்டேன், தூசிண்ணேன்னு சொல்லுது. எனக்கு மனசு சரியில்ல."

ஜீவராஜ் சிரித்துவிட்டான். "மச்சான், ஒங்களுக்கு லொறி ஹோர்ன் அடிச்சாலே கேக்காது. வாரா வாரம் நான் அரை மணித்தியாலம் பேசுறேன். ஒரு இருமல் இல்ல. ஒங்க போன் எரைஞ்சிருக்கும்."

"எரையல மாப்புள. இருமுச்சு. நெஞ்சுக்குள்ளருந்து வந்த இருமல்."

"சரி, வார வெள்ளிக்கெழம நல்லாக் கேட்டுப் பாக்குறேன்."

சொன்ன சொல் தவறவில்லை, கேட்டுப் பார்த்தான். நல்ல ஹெட்செட் ஒன்றை எடுத்துக் காதில் மாட்டி, ஒலியைக் கூட்டி, கண்ணை மூடிக்கொண்டு, பூனை மாதிரி காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்தான். ஒரு இருமல் கூட வரவில்லை. நடுவில் இரண்டு முறை நீளமாக லைன் இழுத்தது, அவ்வளவுதான். மறுநாள் வீரய்யாவுக்குச் சொல்லி அனுப்பினான், சும்மா பயப்படாதீங்க மச்சான் என்று.

கேட்டுப் பார்த்தானே தவிர, அவளிடம் கேட்கவில்லை. "இருமல் இருக்கா பிரேமி?" இரண்டு நொடிப் பேச்சு. இருந்தால் இருக்கிறது என்றிருப்பாள். அவளாக நோயைச் சொல்ல மாட்டாளே தவிர, கேட்டால் மறைக்கிற ஆள் இல்லை. ஆனால் வெள்ளிக்கிழமை விளக்குக்கு முன்னால் நோயை அவன் ஏன் பேச்சுக்கு இழுக்க வேண்டும்? காதுதான் இருக்கிறதே! இந்த இடத்தை நினைத்தால் யாருக்கும் அவனைப் பிடித்து உலுக்க வேண்டும் போல இருக்கும். இப்போது அவனுக்கே அப்படித்தான் இருக்கிறது.

இரண்டு வருஷம் முடிந்து விசா புதுப்பிக்க எடுத்த எக்ஸ்ரேயில் பிரேமினிக்குக் காசம் என்று தெரிந்தது. உடனே அனுப்பிவிட்டார்கள். தொற்றுகிற நோய் உள்ளவர்களை அங்கே வைத்துக்கொள்ள மாட்டார்கள். மேடம் அழுதுகொண்டே பெட்டி கட்டிக் கொடுத்தாளாம்.

விமான நிலையத்தில் வேனோடு நின்ற ஜீவராஜுக்கு, மாஸ்க் போட்டுக்கொண்டு எதிரே வந்து நின்றவள் யாரென்று முதலில் பிடிபடவில்லை. போட்டிருந்த சட்டைக்குள் ஆள் இல்லை. கண்ணை வைத்துத்தான் அடையாளம் கண்டான். நேரே ஊர்ப் பக்கத்துக் காச ஆஸ்பத்திரிக்குப் போகச் சொல்லியிருந்தார்கள். வேன் புறப்பட்டுக் கொஞ்ச தூரம் போனதும் அவள் இருமத் தொடங்கினாள். நிற்கவில்லை. குனிந்து, முன் சீட்டைப் பிடித்துக்கொண்டு, நெஞ்சு கிழிகிற மாதிரி இருமினாள். டிரைவர் பாட்டை நிறுத்திவிட்டான்.

"பிரேமி! எப்பருந்து இப்படி இருக்கு?"

அவள் வாயைத் துடைத்துக்கொண்டு அவனை நிமிர்ந்து பார்த்தாள்.

"எப்பருந்தா? வாரா வாரம் கேட்டுக்கிட்டுத்தானே இருந்தீங்க."

"நானா? நான் கேக்கலயே!"

அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவிசாவளை தாண்டி, மலை ஏறத் தொடங்கிய பிறகுதான் பேசினாள். சண்டை போடுகிற குரல் இல்லை. அலுத்துப்போன குரல்.

"நான் வாயால சொல்லல, சரிதான். வெள்ளிக்கெழம சொல்லக் கூடாது. ஆனா இத மறைக்க முடியுமாங்க? ஒங்ககிட்டப் பேசுறப்ப அடக்காம இருமுவேன். கேட்டா மனசு பதறும், ஒரு நாளைக்காவது 'வந்துரு'ன்னு சொல்லுவாருன்னு இருந்தேன். வீட்டப் பாதியில விட்டுட்டு நானா வாரேன்னு எப்படிச் சொல்றது? நீங்க சொல்லணும்னு இருந்தேன். நான் இருமி முடிக்கிறதுக்குள்ள நீங்க நீலமா பச்சயான்னு கேட்டீங்க."

அந்த இடைவெளிகள் என்னவென்று அந்த நிமிஷம்தான் ஜீவராஜுக்குப் புரிந்தது. லைன் ஒரு நாளும் இழுக்கவில்லை. அந்த நேரமெல்லாம் அவள் இருமிக்கொண்டிருந்தாள். அவன் கஷ்டப்பட்டுத் தேடிப் போட்ட கோப்பு, இது சொல் இல்லை, இரைச்சல் என்று முடிவு பண்ணித் துடைத்துப் போட்டுக்கொண்டிருந்தது.

ஆஸ்பத்திரியில் டொக்டர் சிங்களத்தில் மெதுவாகச் சொன்னார். இரண்டு பக்கத்து நுரையீரலும் அரித்துப் போயிருக்கிறது. வழக்கமான மருந்துக்கு மசியாத வகை. போன வருஷமே கொண்டுவந்திருந்தால் ஏதாவது செய்திருக்கலாம். பார்ப்போம். அந்தப் 'பார்ப்போம்' என்ற சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று அவனுக்குத் தெரிந்துவிட்டது.

அன்றிலிருந்து அவனுக்கு ஒரே ஒரு வேலைதான். தான் கேட்கவில்லை என்பதை அவள் நம்ப வேண்டும். அவளைக் காப்பாற்றுவது கைவிட்டுப் போய்விட்டது. இதாவது கிடைக்க வேண்டும். கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து சொல்லிப் பார்த்தான். "ஒரு கோப்பு பிரேமி, டிஎல்எல்னு சொல்லுவாங்க. அது பேச்ச மட்டுந்தான் விடும்..." அவள் பொறுமையாகக் கேட்டாள். "சரிங்க" என்றாள். "சாப்பிட்டீங்களா? கேஷிகாவுக்கு யாரு தல பின்னிவிடுறா?" என்றாள். அவள் திட்டியிருந்தால் தாங்கியிருப்பான். இந்த மரியாதையைத்தான் அவனால் தாங்க முடியவில்லை. மாட்டிக்கொண்ட ஆள் கொம்பியூட்டர் பாஷையில் சாக்குச் சொல்லுகிறார் என்று அவள் நினைப்பது அந்தச் 'சரிங்க'விலேயே தெரிந்தது. அவளுடைய பெருமை முழுவதும் எதில் இருந்ததோ அது போய்விட்டது. பார்த்தே தெரிந்துகொள்கிற புருஷன், வருஷக் கணக்கில் இருமுவதைக் கேட்டும் டைல்ஸ் பேசிக்கொண்டிருந்தான் என்பதுதான் அவளுக்கு நோயைவிடப் பெரிய வலி.

ஒரு வாரம் பொறுத்தான். பிறகு கடையிலிருந்த லெப்டொப்பைத் துவாய்த் துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு, வீரய்யாவையும் கூட்டிக்கொண்டு பஸ் ஏறினான். வார்டில் ஒரு கண்ணாடித் தடுப்பு. உள்ளே கட்டில்கள், வெளியே நீள விறாந்தை. ஒருவருக்கு மேல் உள்ளே விட மாட்டார்கள். லெப்டொப்பைப் பிரேமினியின் மடியில் வைத்து, ஹெட்செட்டை அவள் காதில் மாட்டினான். வீரய்யா போனோடு விறாந்தையின் கோடியில் போய் நின்றார். கண்ணாடி வழியாக அவர் தெரிந்தார்.

"அண்ணன் பேசுறது கேக்குதா?"

"கேக்குது. 'புள்ள, கேக்குதா'ன்னு சொல்றாரு."

ஜீவராஜ் கையைக் காட்டினான். வீரய்யா இருமினார். பாவம், அவருக்கு நடிக்க வராது. மாடு கனைக்கிற மாதிரி ஒரு இருமல். பக்கத்தில் நின்ற இரண்டு பேர் திடுக்கிட்டு விலகி ஓடினார்கள். காச ஆஸ்பத்திரி அல்லவா. பிரேமினி கண்ணாடி வழியாகப் பார்த்தாள். அண்ணன் குனிந்து நிமிர்ந்து, கழுத்து நரம்பு புடைக்க இருமுகிறார். அவள் காதில் ஒன்றுமில்லை. துடைத்த மாதிரி அமைதி. பிறகு "போதுமா புள்ள?" என்று மட்டும் தெளிவாக வந்தது.

அவள் முகம் மாறியது. ஹெட்செட்டைக் கையால் அழுத்திக்கொண்டாள். "இன்னொருக்கா இருமச் சொல்லுங்க" என்றாள். வீரய்யா இருமினார். மறுபடியும் ஒன்றுமில்லை.

"இதத்தான் சொன்னேன் பிரேமி" என்றான் அவன். "ஒன்னக் கொலசாமியா நெனச்சுச் சொல்றேன், ஒரு இருமல்கூட என் காதுக்கு வரல."

அவள் விறாந்தையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அங்கே வீரய்யா இருமி முடித்துவிட்டார். ஆனால் போனைக் கீழே இறக்கவில்லை. எலும்பும் தோலுமாக மடியில் மெஷினோடு உட்கார்ந்திருக்கும் தங்கச்சியைக் கண்ணாடி வழியாகப் பார்த்தபடி, அந்தப் பெரிய மனுசன் அழுதுகொண்டிருந்தார். வாய் கோணி, தோள் குலுங்க, சத்தம் போட்டே அழுதார். விறாந்தையில் போகிறவர்கள் திரும்பிப் பார்த்துக்கொண்டு போனார்கள். பிரேமினியின் காதில் அதுவும் வரவில்லை.

அவள் மெதுவாக ஜீவராஜ் பக்கம் திரும்பினாள்.

"அப்ப, நான் அழுததும் ஒங்களுக்குக் கேக்கலயா?"

அவனுக்கு அது புதுச் செய்தி. இருமலை மட்டும்தான் அவன் அறிந்திருந்தான்.

"அழுதியா?"

"எல்லா வெள்ளிக்கெழமயும் அழுதேங்க. நீங்க வைக்கிறதுக்கு முந்தி. கேட்டுக்கிட்டே வச்சுட்டீங்கன்னு நெனச்சேன்."

அவன் கட்டிலின் இரும்பைப் பிடித்துக்கொண்டு தலையைக் கவிழ்த்தான். மாஸ்க் நனைந்தது. ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் பேச்சு முடியும்போது வந்த அந்த அமைதி அவனுக்கு நன்றாக நினைவிருந்தது. அவள் போய்விட்டாள் என்று நினைத்து, "சரி பிரேமி, வைக்கிறேன்" என்று வெறும் திரையைப் பார்த்துச் சொல்லிவிட்டு மூடுவான். கடை பூட்டி, பிள்ளையைக் கூட்டிக்கொண்டு, இடியப்பம் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவான்.

பிரேமினி ஹெட்செட்டைக் கழற்றி அவன் கையில் கொடுத்தாள். அவளுக்குக் கோபம் போய்விட்டது. அது முகத்தில் தெரிந்தது. கோபம் போன இடத்தில் வந்திருந்தது அதைவிடக் கொடுமையாக இருந்தது. வேண்டாத ஆளாகிவிட்டேன் என்று நினைத்து, வருகிற வழியைக் கேட்காமல், அங்கேயே கிடந்து நோயை முற்றவிட்டது வீணாகிப் போனதை அவள் இப்போதுதான் பார்க்கிறாள்.

"நான் சொல்லியிருக்கலாம்" என்றாள்.

"நான் கேட்டிருக்கணும் பிரேமி."

வீரய்யா கண்ணைத் துடைத்துக்கொண்டு கண்ணாடிக்குப் பக்கத்தில் வந்து நின்றார். நேரம் முடிந்துவிட்டது என்று நர்ஸ் கையைத் தட்டினாள். பிரேமினி அவன் சட்டைக் கையைப் பிடித்தாள். பிடியில் பலம் இல்லை.

"இப்பச் சொல்லுங்க."

"என்ன?"

"நான் கேட்டுக்கிட்டிருந்தேனே, அத. வந்துருன்னு ஒருக்காச் சொல்லுங்க."

ஜீவராஜ் மாஸ்க்கைக் கீழே இழுத்தான். யாரும் அவனைத் தடுக்கவில்லை.

"வந்துரு பிரேமி. வீடும் வேணாம், ஒண்ணும் வேணாம். வந்துரு."

"வாரேங்க" என்றாள் அவள்.

செவ்வாய்க்கிழமை பின்னேரம் அந்தப் புது வீட்டுக்கு வந்தாள். வீரய்யாவும் இன்னும் மூன்று பேரும் பாதையிலிருந்து மேட்டுக்குத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். ஆஸ்பத்திரியில் பெட்டியை மூடியே கொடுத்திருந்தார்கள், திறக்கக் கூடாது என்று. கேஷிகா அம்மாவின் முகத்தைக் காட்டச் சொல்லி அழுதாள். ஜீவராஜ் வாசலில் நின்று, அந்த அழுகையை ஒரு இடத்தில்கூட நிறுத்தச் சொல்லாமல் முழுவதும் கேட்டான்.